கேளா ஒலியை மந்திரமாக்குவது எப்படி? கற்பனை உலகம் படைப்போருக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

மாயக்கதைகளில் ஒலி வரும்போதெல்லாம் அது பெரிதாகத்தான் வருகிறது. மந்திரம் முழங்குகிறது, சங்கு அதிர்கிறது, இடி இறங்குகிறது. காதுக்கு எட்டாத உயரத்தில் ஓடும் ஒலியை மந்திரத்தின் அடித்தளமாக வைத்து எழுதுபவர்கள் குறைவு. எனக்கு இது ஆதங்கம்தான். ஏனென்றால், அதிஉயர் அதிர்வெண் ஒலி நிஜத்தில் செய்யும் வேலைகளே பாதி மாயம் போல இருக்கின்றன: இருட்டில் பார்க்கிறது, துளியைக் காற்றில் நிறுத்துகிறது, தண்ணீருக்குள் வெளிச்சம் உண்டாக்குகிறது, கூட்டத்தில் ஒருவர் காதில் மட்டும் பேசுகிறது.

ஆனால் ஒரு நிபந்தனை. இந்த ஒலியால் என்ன முடியும் என்பதிலிருந்து தொடங்கினால் உங்கள் மந்திரம் எல்லாம் வல்லதாகி, கதை செத்துவிடும். இதனால் என்ன முடியாது என்பதிலிருந்து தொடங்குங்கள். அதன் பலவீனங்கள்தான் உங்கள் உலகத்தின் சட்டங்கள். கீழே வரும் படிகள் அத்தனையும் அந்த ஒரு எண்ணத்தைச் சுற்றியே.

படி 1: மூன்று எண்களைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்

மனிதக் காதின் எல்லை நொடிக்கு 20 முதல் 20,000 அதிர்வுகள் வரை, அதாவது 20 ஹெர்ட்ஸ் முதல் 20 கிலோஹெர்ட்ஸ் வரை. அதற்கு மேலே போனால் மீயொலி. இது முதல் எண்.

இரண்டாவது, வேகம். 20 டிகிரி வெப்பத்தில் காற்றில் ஒலி நொடிக்கு 343 மீட்டர் போகிறது. தண்ணீரில் ஏறத்தாழ 1,480 மீட்டர். மெல்லிய எஃகுக் கம்பியின் நீளவாக்கில் ஏறத்தாழ 5,000 மீட்டர்.

மூன்றாவது, அலைநீளம். வேகத்தை அதிர்வெண்ணால் வகுத்தால் கிடைப்பது. 40 கிலோஹெர்ட்ஸ் ஒலிக்குக் காற்றில் இது 8.6 மில்லிமீட்டர். உங்கள் மந்திரவாதி எவ்வளவு சிறிய பொருளை உணர முடியும், எதைத் தூக்க முடியும், எவ்வளவு மெல்லிய கற்றையாக ஒலியைக் குவிக்க முடியும் எல்லாமே இந்த எண்ணைத்தான் சார்ந்திருக்கின்றன. கதையில் இந்தக் கணக்கு வர வேண்டியதில்லை. உங்கள் குறிப்பேட்டில் இருக்க வேண்டும்.

படி 2: யாருக்குக் கேட்கும் என்று முடிவு செய்யுங்கள்

சமூகத்தைப் படைக்கும் வேலை இங்கேதான் தொடங்குகிறது. 20 கிலோஹெர்ட்ஸ் என்பது நல்ல காதுள்ள சிறுவர்களின் எல்லை. வயது ஏற ஏற மேல்முனை தேய்ந்துகொண்டே வரும். நடுவயதில் பலருக்கு 15 கிலோஹெர்ட்ஸைத் தாண்டி எதுவும் கேட்பதில்லை. நாய்களுக்கு ஏறத்தாழ 45 கிலோஹெர்ட்ஸ் வரை கேட்கும், பூனைகளுக்கு 60-ஐத் தாண்டியும் கேட்கும். வௌவால்களில் பல இனங்கள் 100 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் போகின்றன. உச்சத்தில் இருப்பது ஒரு பூச்சி: தேன்கூட்டை அரிக்கும் பெரிய மெழுகு அந்துப்பூச்சிக்கு 300 கிலோஹெர்ட்ஸ் வரை கேட்கிறது என்று 2013-ல் கண்டறிந்தார்கள்.

இதை அடுக்கடுக்காகப் பிரித்துக்கொள்ளுங்கள். 17, 18 கிலோஹெர்ட்ஸில் செய்யும் மந்திரம் குழந்தைகளுக்குக் கேட்கும், பெரியவர்களுக்குக் கேட்காது. ஆகவே கோட்டைக் காவலுக்குச் சிறுவர்கள்தான் வேண்டும். 25-க்கு மேல் போனால் அந்தச் சிறுவர்களும் பயனில்லை, நாய் வேண்டும். 50-க்கு மேல் நாயும் கைவிடும், பூனைதான். பூனைக்கும் எட்டாத உயரத்தில் ஒருவன் மந்திரம் செய்தால், அவனைக் கண்டுபிடிக்க அந்துப்பூச்சி வளர்க்கும் ஆள் தேவைப்படுகிறான். ஒற்று, காவல், எதிர்ஒற்று என்று ஒரு நாட்டின் பாதுகாப்பு அமைப்பு முழுவதும் இந்த ஒரே அட்டவணையிலிருந்து வந்துவிடுகிறது.

இதில் என்னை மிகவும் கவரும் விஷயம் குரு-சீடர் உறவு. ஒலி மந்திரத்தில் தேர்ச்சி பெறப் பல ஆண்டுகள் ஆகும். அந்த ஆண்டுகளே காதைப் பறித்துவிடும். எல்லாம் தெரிந்த குருவுக்குத் தன் கருவி கேட்காது. கேட்கும் சீடனுக்கு என்ன செய்வதென்று தெரியாது. இருவரும் சேர்ந்தால்தான் ஒரு மந்திரம். இதற்கு மேல் ஒரு கதைக்கு என்ன வேண்டும்?

படி 3: ஒலி எங்கிருந்து பிறக்கிறது?

மந்திரம் என்றாலும் ஒலிக்கு ஒரு மூலம் வேண்டும். மனிதத் தொண்டையால் இந்த உயரத்தை எட்ட முடியாது. சிறிய, கெட்டியான, வேகமாக அதிரும் ஏதோ ஒன்று தேவை. மூன்று வழிகள் உண்டு.

முதலாவது சீழ்க்கை. பிரான்சிஸ் கால்டன் 1876-ல் மிகச் சிறிய குழியுள்ள ஒரு பித்தளை ஊதலைச் செய்தார். அதன் குழியைத் திருகிச் சுருக்கினால் ஒலி மனிதக் காதின் எல்லையைத் தாண்டி ஏறும். அதைத் தன் கைத்தடியில் பொருத்தி, பிடியில் ஒரு ரப்பர் குமிழை வைத்து, விலங்குக் காட்சிசாலைக்குப் போய் விலங்குகளின் காதருகே நீட்டி அமுக்கிப் பார்த்தார். எந்த விலங்கு காதைத் திருப்புகிறது என்பதுதான் சோதனை. கைத்தடியை நீட்டினால் யாருக்கும் எதுவும் கேட்கவில்லை, ஆனால் பூனை திரும்பிப் பார்க்கிறது! மந்திரக்கோலுக்கு இதைவிட நல்ல முன்னோடி கிடையாது.

இரண்டாவது படிகம். 1880-ல் ஜாக் கியூரி, பியர் கியூரி சகோதரர்கள் குவார்ட்ஸ் போன்ற படிகங்களை அழுத்தினால் மின்னேற்றம் உண்டாவதைக் கண்டார்கள். மின்சாரம் கொடுத்தால் அதே படிகம் சுருங்கி விரியும் என்பதும் அடுத்த ஆண்டே உறுதியானது. முதல் உலகப்போரின்போது பால் லாங்கெவின் குவார்ட்ஸ் தகடுகளை எஃகுத் தகடுகளுக்கிடையே வைத்து, கடலுக்கடியில் நீர்மூழ்கிகளைத் தேடும் மீயொலிக் கருவியைச் செய்தார். சோதனைத் தொட்டியில் அந்தக் கற்றைக்குள் நீந்தி வந்த மீன்கள் செத்து மிதந்தன. கையை விட்டவர்களுக்கு வலி எடுத்தது. உங்கள் உலகில் மின்சாரம் இல்லையென்றால், படிகத்தை உலுக்கும் அந்தத் தூண்டுதலை மட்டும் மந்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். மீதி எல்லாம் இயற்கைப்படி நடக்கட்டும். ஒரே ஒரு மாயம், அதன் விளைவுகள் எல்லாம் நியாயமானவை: வாசகர் நம்புவது இந்த ஏற்பாட்டைத்தான்.

மூன்றாவது, எனக்கு மிகவும் பிடித்தது, கோல். நடுவில் பிடித்த எஃகுக் கோலின் முனையில் நேராகத் தட்டினால் அது நீளவாக்கில் அதிரும். கோலின் நீளத்தை இரண்டால் பெருக்கி, எஃகில் ஒலியின் வேகத்தை அதனால் வகுத்தால் அதிர்வெண் கிடைக்கும். 20 சென்டிமீட்டர் கோல் ஏறத்தாழ 12.5 கிலோஹெர்ட்ஸ் தரும், அது கிணீரென்று கேட்கும். 12.5 சென்டிமீட்டர் கோல் 20 கிலோஹெர்ட்ஸ், கேட்பதும் கேட்காததுமான எல்லை. 10 சென்டிமீட்டர் கோல் 25 கிலோஹெர்ட்ஸ், எந்த மனிதருக்கும் கேட்காது.

இதிலிருந்து எத்தனை விஷயம் கிடைக்கிறது பாருங்கள். குட்டையான கோல்தான் உயர்ந்த கோல். வீரர்கள் நீண்ட கோலைத் தூக்கிக்கொண்டு நடப்பார்கள், உண்மையான மந்திரவாதி விரல் நீளக் கோலை மடியில் வைத்திருப்பான். கோலை நடுவில் பிடித்தால்தான் ஒலி நிலைக்கும், முனையில் பிடித்தால் அங்கேயே அணைந்துவிடும். பயிற்சி இல்லாதவன் கையில் கிடைத்தால் அது வெறும் இரும்புத் துண்டு. உடைந்த கோல் வீணாவதில்லை, வேறொரு மந்திரமாகிறது.

கோல் செய்யும் காட்சியை இப்படி எழுதலாம்:

கிழவர் அரத்தை எடுத்து முனையில் நான்கு இழுப்பு இழுத்தார். கோலைத் தட்டினார்.

"வந்ததா?"

"இன்னும் கேட்கிறது ஐயா. ஊசி மாதிரி இருக்கிறது."

மறுபடி அரம். மறுபடி தட்டு. பையன் கண்ணை மூடிக்கொண்டான்.

"இப்போது?"

"லேசாக. பல்லுக்குள்ளே."

இன்னும் இரண்டு இழுப்பு. தட்டினார். பையன் தலையை ஆட்டினான். வாசலில் படுத்திருந்த நாய் மட்டும் எழுந்து நின்றது.

"ஆயிற்று," என்றார் கிழவர்.

படி 4: தடைகளைச் சட்டமாக்குங்கள்

அவசரப்படாமல் செய்ய வேண்டிய படி இது.

முதல் தடை, தூரம். காற்று உயர்ந்த ஒலியை விழுங்கிவிடும். 40 கிலோஹெர்ட்ஸ் ஒலி சாதாரண அறைக்காற்றில் மீட்டருக்கு ஒரு டெசிபலுக்கு (ஒலியின் பலத்தை அளக்கும் அலகு) சற்று மேல் இழக்கிறது. 30 மீட்டர் போவதற்குள் அதன் ஆற்றல் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் கீழே போய்விடும். விரிந்து பரவுவதால் குறைவது தனிக்கணக்கு. 100 கிலோஹெர்ட்ஸுக்குப் போனால் இழப்பு இன்னும் பல மடங்கு. ஈரப்பதமும் வெப்பமும் மாறினால் எண்கள் மாறும், ஆகவே பருவம் மாறினால் மந்திரத்தின் எட்டும் தூரமும் மாறும். மலையுச்சியிலிருந்து நகரத்தை அழிக்கும் ஒலி மந்திரம் இங்கே கிடையாது. எதிரியின் அருகே போயாக வேண்டும். நுட்பம் கூடக் கூட இன்னும் அருகே. இந்த ஒரு விதி உங்கள் மந்திரவாதிகளைக் கோபுரத்திலிருந்து இறக்கித் தெருவுக்குக் கொண்டுவந்துவிடும்.

இரண்டாவது, வளையாமை. தாழ்ந்த ஒலி சுவரைச் சுற்றி வளைந்து வரும். அலைநீளம் சில மில்லிமீட்டராக இருக்கும் ஒலி ஒளியைப் போல நேராகப் போய், குறுக்கே வரும் பொருளுக்குப் பின்னால் நிழல் விழச் செய்யும். தூணுக்குப் பின்னால் நின்றால் தப்பித்தீர்கள்.

மூன்றாவதுதான் பெரியது. காற்றிலிருந்து தண்ணீருக்குள் ஒலி நுழைய மறுக்கும். நீர்ப்பரப்பில் நேராக மோதும் ஒலியாற்றலில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் உள்ளே போகும், மீதி திரும்பிவிடும். மனித உடல் பெரும்பாலும் தண்ணீர். எனவே காற்று வழியாக ஒருவன் உடலுக்குள் ஒலியைச் செலுத்திக் கொல்வது நடவாத காரியம். ஸ்கேன் எடுக்கும்போது வயிற்றில் குளிர்ந்த ஜெல் தடவுவது இதற்காகத்தான். கருவிக்கும் தோலுக்கும் இடையே மெல்லிய காற்றுப்படலம் இருந்தாலே படம் வராது. உங்கள் உலகின் வைத்தியச்சி எண்ணெயோ நீரோ தடவாமல் குணப்படுத்த முடியாது. உங்கள் கொலையாளி எதிரியைக் குளத்துக்கோ குளியல் தொட்டிக்கோ வரவழைக்க வேண்டும். நீரில் வாழும் மக்கள் கூட்டம் ஒன்று உங்கள் கதையில் இருந்தால், இந்த மந்திரத்தில் அவர்களை வெல்ல ஆளே இருக்க மாட்டார்கள்.

படி 5: விளைவுகளைத் தேர்ந்தெடுங்கள்

எல்லாவற்றையும் ஒரே மந்திரவாதிக்குக் கொடுக்காதீர்கள். ஒவ்வொரு குலத்துக்கும் ஒன்று போதும்.

பார்த்தல். 1790-களில் லாசரோ ஸ்பல்லன்சானி, கண் தெரியாத வௌவாலும் தடையில் மோதாமல் பறப்பதையும், காதை அடைத்தால் தடுமாறுவதையும் கவனித்தார். காரணம் தெரிய ஏறக்குறைய ஒன்றரை நூற்றாண்டு ஆயிற்று. டொனால்ட் கிரிஃபின் 1938-ல் வௌவாலின் மீயொலியைக் கருவி வழியாகக் கேட்டார். இதில் எழுத்தாளருக்கு வேண்டிய நுணுக்கங்கள் நிறைய. எதிரொலி ஆயிரத்தில் ஒரு நொடியில் திரும்பினால் பொருள் 17 சென்டிமீட்டரில் இருக்கிறது. இரையை நெருங்க நெருங்க வௌவால் கூப்பாட்டை வேகப்படுத்திக்கொண்டே போகும், கடைசி நொடியில் நொடிக்கு 200 வரைகூடப் போகும். தன் குரலால் தன் காதே செவிடாகாமல் இருக்க, கூவும் கணத்தில் நடுக்காதின் தசையை இறுக்கிக்கொள்கிற வௌவால்களும் உண்டு. ஒலியால் பார்க்கும் உங்கள் பாத்திரம், கூவுகிற கணத்தில் செவிடு. அந்தக் கணத்தில்தான் அவளைத் தாக்க முடியும்.

தூக்குதல். எதிரெதிராக வரும் இரண்டு அலைகள் சேர்ந்து நிலையலை ஆகும். அதில் அழுத்தம் மாறாத கணுக்கள் அரை அலைநீளத்துக்கு ஒன்றாக அமையும், அங்கே சிறு பொருள் அந்தரத்தில் நிற்கும். 40 கிலோஹெர்ட்ஸில் கணுக்களின் இடைவெளி 4.3 மில்லிமீட்டர். ஆகவே துளி, மணி, விதை, எறும்பு அளவுக்குத்தான் சாத்தியம். மனிதனைத் தூக்க வேண்டுமென்றால் அலைநீளம் சில மீட்டர் வேண்டும், அப்போது அதிர்வெண் 100 ஹெர்ட்ஸ் பக்கம் இறங்கிவிடும். அது காதைக் கிழிக்கும் முழக்கம், அமைதியான மந்திரம் இல்லை. சிறியதைத் தூக்குவதையே கலையாக்குங்கள். தொடாமலே நஞ்சுத்துளியை நகர்த்தும் ஒருவன், யானையைத் தூக்குபவனைவிடப் பயங்கரமானவன்.

சுடுதல். 1927-ல் ராபர்ட் வுட், ஆல்ஃபிரட் லூமிஸ் இருவரும் எண்ணெய்த் தொட்டியில் குவார்ட்ஸ் தகட்டை வைத்து 100 கிலோஹெர்ட்ஸுக்கு மேற்பட்ட கடும் ஒலியை எழுப்பினார்கள். எண்ணெய் மேடாக எழும்பித் துளிகளைச் சிதறடித்தது. அதில் தோய்த்த கண்ணாடி இழையின் மறுமுனையை விரலால் பிடித்தால் தோல் தீய்ந்தது. கண்ணாடிக் கோலை மரச்சில்லில் அழுத்தினால் புகை வந்தது. இத்தனைக்கும் அந்தக் கண்ணாடி சூடாகவே இல்லை, அழுத்துமிடத்தில் அதிர்வுதான் சூடாக மாறியது. குளிர்ந்த கத்தி சுடுகிறது என்று எழுதுங்கள், அது பொய்யில்லை.

ஒளிர்தல். 1934-ல் கொலோன் நகரில் இரண்டு ஆய்வாளர்கள், புகைப்படத் தட்டுகளை வேகமாகக் கழுவ மீயொலியைப் பயன்படுத்தியபோது தட்டில் புள்ளிகள் விழுவதைக் கண்டார்கள். திரவத்தில் நுண்குமிழ்கள் உண்டாகி, விரிந்து, சட்டென்று நொறுங்கும்போது உள்ளிருக்கும் வாயு பல்லாயிரம் டிகிரிக்குச் சூடாகி ஒளிர்கிறது. மிக மங்கலான நீலப் புள்ளி, இருட்டு அறை வேண்டும். கடலில் சொடுக்கு இறால் தன் கொடுக்கைச் சொடுக்கும்போதும் இப்படி ஒரு குமிழ் நொறுங்கி ஒளி வீசுவதை 2001-ல் பதிவு செய்தார்கள்.

தனிக்குரல். கதைக்கு மிக அதிகம் கொடுக்கக்கூடியது இதுதான் என்பேன். பலமான மீயொலிக் கற்றையில் 40, 41 கிலோஹெர்ட்ஸ் இரண்டையும் சேர்த்து அனுப்பினால், போகும் வழியில் காற்றே அவற்றின் வித்தியாசமான 1 கிலோஹெர்ட்ஸை உண்டாக்கும். அது கேட்கும் ஒலி. கற்றை மெல்லியதாக இருப்பதால் அதற்குள் நிற்பவருக்கு மட்டும் கேட்கும், ஓரடி நகர்ந்தால் நின்றுவிடும். இப்படிப் பேசும் ஒலிபெருக்கிகள் இன்று இருக்கின்றன. அரசவையில் அரசன் காதில் மட்டும் ஒரு குரல் விழுகிறது. பக்கத்தில் நிற்கும் அமைச்சருக்குக் கேட்கவில்லை. அரசன் அதைத் தெய்வம் என்கிறான், அமைச்சர் பைத்தியம் என்கிறார். ஒரு நாள் அரசன் தற்செயலாகத் தலையைச் சாய்க்கிறான், குரல் வாக்கியத்தின் நடுவே அறுந்துபோகிறது. தெய்வம் தலையைச் சாய்த்தால் நிற்குமா என்று அவன் யோசிக்கத் தொடங்கும் இடத்தில் உங்கள் கதை தொடங்கலாம்.

படி 6: எதிர்மந்திரம்

எதிர்ப்பு இல்லாத மந்திரத்தில் சுவையில்லை. இதற்கும் இயற்கையிலேயே மாதிரி உண்டு. வௌவாலின் ஒலி கேட்டதும் பல அந்துப்பூச்சிகள் சட்டென்று கீழே விழுந்து தப்பிக்கின்றன. பெர்தோல்டியா டிரைகோனா என்ற புலி அந்துப்பூச்சி ஒரு படி மேலே போய், தானே மீயொலிச் சொடுக்குகளைப் பொழிந்து வௌவாலின் எதிரொலியைக் குழப்பிவிடுகிறது. இதை 2009-ல் நிறுவினார்கள். சில அந்துப்பூச்சிகளின் உடல்ரோமமும் சிறகுச் செதில்களும் ஒலியை உறிஞ்சி, திரும்பும் எதிரொலியைக் குறைக்கின்றன. விழுவது, குழப்புவது, உறிஞ்சுவது: மூன்று தற்காப்புக் கலைகள் தயார். தடித்த கம்பளி தொங்கும் அறை, ஒலியால் பார்ப்பவளுக்கு மூடுபனி.

படி 7: கேட்காததை எப்படி எழுதுவது?

"அவன் மந்திரக்கோலைத் தட்டினான், யாருக்கும் எதுவும் கேட்கவில்லை" என்று எழுதிவிட்டு நகர்ந்தால் பக்கம் காலியாக இருக்கும். ஒலியைக் காட்டாமல், ஒலி தொட்ட பொருளைக் காட்டுங்கள். 1787-ல் எர்ன்ஸ்ட் கிளாட்னி, மணல் தூவிய தகட்டின் விளிம்பை வில்லால் தேய்த்து மணல் கோலமாக ஒதுங்குவதைக் காட்டினார். அதிர்வெண் ஏற ஏறக் கோடுகள் நெருங்கிக் கோலம் நுணுக்கமாகும். உங்கள் பாத்திரங்கள் மேசைத்தூசியைப் பார்த்தே எந்த மந்திரம் நடந்தது என்று படிக்கலாம். நாயின் காது மடங்குவது, கிண்ணத்து நீரில் மெல்லிய வரிகள் ஓடுவது, விளக்கைச் சுற்றிய அந்துப்பூச்சிகள் ஒரே கணத்தில் பொத்தென்று விழுவது. இப்படி ஓர் அறிகுறி ஒரு காட்சிக்குப் போதும். மூன்று நான்கை அடுக்கினால் மாயம் சர்க்கஸாகிவிடும்.

படி 8: குறிப்பேட்டுச் சோதனை

ஒவ்வொரு மந்திரத்துக்கும் நான்கு விவரங்களை எழுதி வையுங்கள்: அதிர்வெண், எட்டும் தூரம், எதன் வழியாகப் போகிறது, அருகில் யாருக்குக் கேட்கும். உதாரணத்துக்கு, உடலுக்குள் கட்டியைக் கரைக்கும் மந்திரம்: 1 மெகாஹெர்ட்ஸ், அதாவது 1,000 கிலோஹெர்ட்ஸ். நீரில் அலைநீளம் ஒன்றரை மில்லிமீட்டர், ஆகவே நெல்மணி அளவுப் புள்ளியில் குவிக்கலாம். குவிக்க வளைந்த கிண்ணம் வேண்டும். தோலோடு ஒட்டிய நீரோ எண்ணெயோ வேண்டும். எலும்புக்குப் பின்னாலும் நுரையீரலுக்குப் பின்னாலும் எட்டாது, எலும்பு உறிஞ்சிவிடும், நுரையீரலின் காற்று திருப்பிவிடும். எந்த விலங்குக்கும் கேட்காது.

நான்கு வரி எழுதியதும் கதை தானாக வருவதைக் கவனியுங்கள். விலாவுக்குப் பின்னால் கட்டி உள்ள ஒருவரை வைத்தியச்சி எப்படிக் காப்பாற்றுவாள்? இரண்டு விலா எலும்புகளுக்கிடையே உள்ள விரலளவு இடைவெளி வழியாக, நோயாளி மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கும் சில நொடிகளுக்குள்.

எங்காவது கதை மாட்டிக்கொண்டு, விதியை மீறினால்தான் நகரும் என்ற நிலை வரும். அப்போது அதிர்வெண்ணையோ தூரத்தையோ தொடாதீர்கள், மூன்றாவது விவரத்தை மாற்றுங்கள். காற்றில் எட்டாத மந்திரம் இரும்புக் கம்பி வழியாக எட்டும், ஈரச்சுவர் வழியாக எட்டும், நிறைந்த கிணறு வழியாக எட்டும். கதாநாயகி கோபுரத்தின் அடியில் நிற்கிறாள், எதிரி உச்சியில் இருக்கிறான், இடையே 30 மீட்டர் காற்று. கோலைக் காற்றில் நீட்டிப் பயனில்லை. கோபுரத்தின் உச்சிவரை போகும் இரும்புக் கைப்பிடியில் அவள் அதை வைக்கட்டும்.